புகையிலைக்காரர் என்றால் யார்?

“புகையிலைக்காரர் வந்திருக்கிறார்” என்று வாசலிலிருந்து குரல் கேட்டால், வந்தவர் யாராகவும் இருக்கலாம். தோட்டத்தில் புகையிலை போட்டவராக இருக்கலாம். சிப்பம் சிப்பமாக வாங்கி மண்டியில் அடுக்குபவராக இருக்கலாம். கூடையில் சுமந்து தெருத்தெருவாக விற்பவராகவோ, கன்னத்தில் எப்போதும் ஒரு துண்டை அடக்கி வைத்திருப்பவராகவோ இருக்கலாம். நால்வருக்கும் அந்தப் பெயர் பொருந்தும்.

இதை மொழியின் குறை என்று நினைக்க வேண்டியதில்லை. தமிழ்நாட்டிலும் ஈழத்திலும் புகையிலை ஒரே பண்டமாக விற்கப்பட்டதே இல்லை. இலையாக விற்றவர் ஒருவர், மூக்குப்பொடியாக விற்றவர் வேறொருவர், சுருட்டும் பீடியும் விற்றவர்கள் வேறு வேறு ஆட்கள். இலையைத் தேர்ந்தெடுக்கும் விதம், அதை உலர்த்திப் பதமாக்கும் (பாடம் செய்யும்) முறை, சரக்கு கெட்டுப்போகும் வழி எல்லாம் மாறின. அதனால் பெயரும் மாறியது. கதை எழுதுபவர்களும் மொழிபெயர்ப்பவர்களும் இந்த வேறுபாட்டைக் கவனிக்காமல் ‘புகையிலை வணிகர்’ என்று எல்லா இடத்திலும் எழுதிவிடுகிறார்கள். அச்சில் பார்க்க ஒழுங்காகத்தான் இருக்கிறது. ஆனால் கடைவீதியில் யாரும் யாரையும் அப்படிக் கூப்பிடுவதில்லை. யாரை எந்த இடத்தில் என்ன பெயரால் சொல்ல வேண்டும், ஏன் என்பதைக் கொஞ்சம் நிதானமாகப் பார்ப்போம்.

‘காரர்’ தரும் தொல்லை

பால்காரர் பால் விற்பவர். பாலைக் குடிப்பவரை யாரும் பால்காரர் என்று சொல்லமாட்டார்கள். பூக்காரி, தயிர்க்காரி, ஐஸ்காரர் எல்லாமே விற்பவர்கள்தான். ஆனால் ‘காரர்’ என்ற ஒட்டுக்கு ‘விற்பவர்’ என்ற பொருள் கிடையாது. ‘அதை உடையவர், அதோடு தொடர்புள்ளவர்’ என்பது மட்டுமே அதன் பொருள். வீட்டுக்காரர் வீடு விற்பவர் அல்ல; கடன்காரர் கடன் கொடுத்தவராகவும் இருப்பார், வாங்கியவராகவும் இருப்பார்.

பழக்கமாகிவிடும் பொருள்களில் இந்தத் தொல்லை கூடுதல். பொடிக்காரர் என்றால் பொடி விற்பவரா, பொடி போடுபவரா? தெருவில் ஒருவருக்கு ‘பொடிக்காரர்’ என்று பட்டப்பெயர் இருந்தால், பெரும்பாலும் அவர் மூக்கைப் பார்த்து வைத்த பெயராகத்தான் இருக்கும். சுருட்டுக்காரர் என்றால் உருட்டுபவர், விற்பவர், பிடிப்பவர் மூவரும் வருவார்கள். ஆங்கிலத்திலும் இதே குழப்பம் நடந்திருக்கிறது. புகையிலைக் கடைக்காரரைக் குறிக்கும் ‘டொபாக்கனிஸ்ட்’ என்ற சொல் 16ஆம் நூற்றாண்டின் இறுதியில் புழக்கத்துக்கு வந்தபோது, ஓயாமல் புகைப்பவரைத்தான் குறித்தது. விற்பவர் என்ற பொருள் 17ஆம் நூற்றாண்டில் வந்து சேர்ந்து, பழைய பொருளை மெல்லத் தள்ளிவிட்டது. அந்தக் காலத்து ஆங்கில நூலை மொழிபெயர்ப்பவர் இந்தச் சொல்லைப் பார்த்ததும் கடையைக் கற்பனை செய்துகொண்டால், பொருள் தலைகீழாகிவிடும்.

தமிழில் இதற்கு எளிய வழி, நடுவில் ‘கடை’யைச் சேர்ப்பது. பொடிக்காரர் யாராகவும் இருக்கலாம், பொடிக்கடைக்காரர் ஒருவர்தான். புகையிலைக்கடைக்காரர், சுருட்டுக்கடைக்காரர் என்றும் ஐயமில்லாமல் எழுதலாம். கடை இல்லாமல் நடந்து விற்பவரானால் ‘புகையிலை விற்கிறவர்’ என்று வினையால் சொல்லிவிடுவது நல்லது. நுகர்பவருக்கும் வினைதான் கைகொடுக்கும்: புகையிலை போடுகிறவர், பொடி போடுகிறவர், பீடி குடிக்கிறவர், சுருட்டுப் பிடிக்கிறவர். யாழ்ப்பாணத்தில் சுருட்டும் பீடியும் ‘பத்துவார்கள்’. இந்த வினைகள் இடம் மாறினால் வாசகர் காதில் உடனே உறுத்தும். பொடியை யாரும் பிடிப்பதில்லை, சுருட்டை யாரும் போடுவதில்லை.

‘கடை’யைச் சேர்க்கும் இந்த வழி ஓரிடத்தில் மட்டும் உதவாது. அது பீடிக்கடை. திருநெல்வேலிப் பக்கத்தில் ‘பீடிக்கடை’ என்றால் பீடி விற்கும் கடை என்று பொருள் கொள்ளமாட்டார்கள். வீட்டிலிருந்து பீடி சுற்றும் பெண்கள் பீடி இலையும் புகையிலைத் தூளும் வாங்கிப்போய், சுற்றிய பீடியைக் கட்டிக் கொண்டுவந்து கணக்குக் கொடுக்கும் இடம் அது. கம்பெனிக்கும் தொழிலாளிக்கும் நடுவில் நிற்கும் ஏஜென்ட் நடத்துவது. அங்கே பீடியின் நீளம், பருமன், முனை மடிப்பு எல்லாவற்றையும் பார்த்து எண்ணுவார்கள். இறுக்கம் போதாமல் தூள் உதிர்ந்தாலும், கனம் குறைந்தாலும், இலையில் ஓட்டை இருந்தாலும் கழித்துவிடுவார்கள். கழிவு அதிகமானால் அந்த நாள் கூலி குறையும். கொடுத்த இலையில் போதிய எண்ணிக்கை வராவிட்டால் பற்றாக்குறையைத் தொழிலாளியே தன் கைக்காசில் இலை வாங்கி ஈடுகட்ட நேரும். இலை காய்ந்திருந்தால் மடிக்கும்போது வெடிக்கும். அதனால்தான் நனைத்து, ஈரத்துணியில் சுற்றிவைத்து, கத்தரியால் அளவுக்கு வெட்டுகிறார்கள். ஒரு பீடிக்குள் போகும் தூள் ஏறத்தாழ 0.2 முதல் 0.3 கிராம்தான். இவ்வளவு சின்ன அளவில் கை கொஞ்சம் தாராளமானாலும், ஆயிரம் பீடி முடிவதற்குள் தூள் தீர்ந்துவிடும்.

ஆகவே நெல்லைக் கதையில் “அம்மா பீடிக்கடைக்குப் போயிருக்கிறாள்” என்று வந்தால், அம்மா பீடி வாங்கப் போயிருக்கிறாள் என்று மொழிபெயர்ப்பது பெரிய பிழை. அவள் உழைப்பைக் கொடுத்துக் கூலியை எழுதிக்கொள்ளப் போயிருக்கிறாள். பீடி மற்றும் சுருட்டுத் தொழிலாளர் (வேலை நிபந்தனைகள்) சட்டம் 1966இல் வந்தபோது, வீட்டிலிருந்து சுற்றுபவரும் தொழிலாளிதான் என்று அதில் தெளிவாகச் சேர்க்க வேண்டியிருந்தது. பீடிக்கடைக்காரரை வெறும் கடைக்காரராக எழுதினால் அந்த உறவே மறைந்துபோகும்.

இலை விற்பவர்

புகையிலை, அதாவது புகைக்கும் இலை. தெலுங்கில் பொகாக்கு, கன்னடத்தில் ஹொகெசொப்பு, மலையாளத்தில் புகயில, சிங்களத்தில் தும்கொள என்று அண்டை மொழிகள் எல்லாமே ‘புகை’யையும் இலையையும் சேர்த்துத்தான் பெயரிட்டிருக்கின்றன. ஆனால் தமிழ்நாட்டில் விளைந்த இலையில் பெரும்பங்கு வாயில் மெல்லப்படுவதற்குத்தான் போயிருக்கிறது. பேச்சில் அது ‘போயிலை’. சீனிச்சர்க்கரைப் புலவர் பாடிய புகையிலை விடு தூது, இந்தப் பெயருக்கு ஒரு வேடிக்கைக் கதை சொல்கிறது. மும்மூர்த்திகளிடமும் ஆளுக்கொரு இலையைக் கொடுத்து, மறுநாள் கொண்டுவரச் சொன்னார்களாம். சிவனிடம் கொடுத்த வில்வம் கங்கையோடு போயிற்று. திருமாலிடம் கொடுத்த துளசி பாற்கடலில் போயிற்று. பிரமன் தன் இலையை நாவில் இருக்கும் கலைமகளிடம் கொடுத்து வைத்திருந்தான். “என்னுடையது போகையிலை” என்று எடுத்துக் காட்டினான். சொல்லாராய்ச்சியாக இது நிற்காது. ஆனால் புகையிலையின் இடம் நாக்கு என்பதைப் புலவர் எவ்வளவு இயல்பாக எடுத்துக்கொண்டிருக்கிறார் என்பது இதில் தெரிகிறது.

இலை வியாபாரத்தை அறிந்தவர்களிடம் பிறந்த பழமொழி ஒன்று எல்லோருக்கும் தெரியும்: “பொம்பளை சிரிச்சாப் போச்சு, புகையிலை விரிச்சாப் போச்சு.” முதல் பாதியை மூட்டை கட்டி ஒதுக்கிவிடலாம், அதில் காப்பாற்ற ஒன்றுமில்லை. இரண்டாம் பாதி சரியான தொழிலறிவு. பாடம் செய்த புகையிலை காற்றிலுள்ள ஈரத்தை உறிஞ்சும், வறண்ட காற்றில் தன் ஈரத்தை விடும். கட்டைப் பிரித்து விரித்துப் போட்டால் மணமும் பதமும் சில மணி நேரத்தில் இறங்கிவிடும். அதனால்தான் இலை விற்பவர் கட்டை முழுதாகப் பிரிக்கமாட்டார். வாங்க வந்தவருக்கு ஓரத்தில் ஒரு இலையை மட்டும் உருவிக் காட்டுவார்.

அந்த ஓர் இலையில் பார்க்க வேண்டியது நிறைய. கையில் எடுத்துப் பிடிக்குள் அடக்கி விட வேண்டும். நொறுங்காமல் மெல்ல விரிந்தால் பதம் சரி. நொறுங்கினால் காய்ந்துவிட்டது, எடை குறைந்து, தூளாக உதிர்ந்து நட்டப்படும். பிசுபிசுவென்று ஒட்டிக்கொண்டால் ஈரம் மிஞ்சிவிட்டது; இரண்டு வாரத்தில் நடுநரம்பைச் சுற்றிப் பூஞ்சணம் பிடிக்கும். நடுநரம்பை ஒடித்துப் பார்ப்பதும் உண்டு. இலைப்பரப்பு காய்ந்து நரம்பு மட்டும் பச்சையாக இருந்தால், அந்த ஈரம் கட்டுக்குள் பரவி உள்ளிருந்தே அழுகவைக்கும்.

பாடம் செய்வதில் நடக்கும் தவறுதான் பெரும்பாலும் கடையில் வந்து தெரியும். வெட்டிய செடியை வெயிலில் தொங்கவிட்டு உலர்த்தி, பிறகு அம்பாரமாக அடுக்கி மூடி வைக்கிறார்கள். அடுக்கின் உள்ளே சூடேறும். அந்தச் சூட்டில்தான் பச்சை வாடை போய், நிறம் கறுத்து, காரம் நிதானப்படுகிறது. சில நாளுக்கொரு முறை அடுக்கைப் பிரித்து, உள்ளே இருந்ததை வெளியிலும் வெளியே இருந்ததை உள்ளேயும் மாற்றி அடுக்க வேண்டும். சோம்பலில் விட்டால் நடுவிலுள்ளவை வெந்து கருகும், ஓரத்திலுள்ளவை பச்சையாகவே நிற்கும். ஒரே சிப்பத்தில் இரண்டு நிறம் கண்டால் அனுபவப்பட்ட வியாபாரி விலை பேசும் முன்பே இதைப் புரிந்துகொள்வார். கருப்பட்டிப் பாகு தெளித்துப் பாடம் செய்வது பல இடங்களில் வழக்கம். அது இலைக்கு மெழுமெழுப்பும் எடையும் தரும். கூடுதலாகத் தெளித்திருந்தால் வாங்குபவர் இலைக் காசுக்குப் பாகை வாங்குகிறார் என்று பொருள்.

திண்டுக்கல் வட்டாரத்தில் ஊசிக்கப்பல், வட்டக்கப்பல் என்று இலைக்கே பெயர் உண்டு. புகையிலை ஆராய்ச்சி நிலையம் வேடசந்தூரில் இருப்பதும் தற்செயல் அல்ல. வேதாரண்யம் கடற்கரை மணலில் விளைவது வேறு வகை. இங்கே ஒரு நுட்பம் இருக்கிறது. இலைக்காரரும் சுருட்டுக்காரரும் ஏன் இரு வேறு தொழிலாட்களாக நின்றார்கள் என்பதை அது விளக்கும். கிணற்று நீர் உப்பாக இருந்தால் இலையில் குளோரைடு ஏறும். மெல்லுகிற இலைக்கு அது கெடுதி இல்லை. இன்னும் கேட்டால் காரமும் கனமும் கூடிய இலை என்று விரும்பி வாங்குவார்கள். அதே இலையைச் சுருட்டாக உருட்டினால் நெருப்பு நிற்காது. பற்றவைத்த மறுகணம் அணையும், சாம்பல் கறுத்து உதிரும். எனவே ஒருவருக்கு முதல்தரமான இலை, மற்றவருக்குக் கழிவு. ‘நல்ல புகையிலை’ என்று பொதுவாக எழுதும்போது எதற்கு நல்லது என்ற கேள்வி உடனே எழும்.

இலை விற்பவரிலும் அடுக்கு உண்டு. விளைவிப்பவரிடம் தோட்டத்தோடு விலைபேசுபவர் தரகர் அல்லது வியாபாரி. ஊரில் கிட்டங்கி வைத்து வாங்கி விற்பவர் மண்டிக்காரர். கட்டாகவும் துண்டாகவும் நறுக்கி விற்பவர்தான் புகையிலைக்கடைக்காரர். சிகரெட்டுக்கான வர்ஜீனியாப் புகையிலை இந்த வழியில் வருவதே இல்லை. குண்டூரில் தலைமையகம் கொண்டு 1976இல் தொடங்கிய புகையிலை வாரியம் நடத்தும் ஏலத்தில்தான் அது கை மாறுகிறது. திண்டுக்கல் மண்டியைப் பற்றிய கதையில் குண்டூர் ஏலத்தைக் கொண்டுவந்து சேர்த்தால் தொழில் தெரிந்தவர் சிரித்துவிடுவார்.

யாழ்ப்பாணத்து இலையும் அரசு வைத்த பெயர்களும்

கேரளத்தில் பழைய ஆட்கள் ‘ஜாப்பாணம் புகயில’ என்று சொல்லக் கேட்கலாம். ஜப்பானுக்கும் அதற்கும் தொடர்பில்லை, அது யாழ்ப்பாணம். யாழ்ப்பாணத்து இலை பல தலைமுறையாகக் கடல் கடந்து திருவிதாங்கூருக்குப் போயிற்று. யாழ்ப்பாணத்தில் அந்த இலைக்கு ‘மலையாளப் புகையிலை’ என்று பெயர். விற்கிற ஊரில் வாங்குகிற ஊரின் பெயர், வாங்குகிற ஊரில் விற்கிற ஊரின் பெயர்! இரண்டும் ஒரே சரக்கு. யாழ்ப்பாணத்தில் இதற்கென்று கூட்டுறவு விற்பனைச் சங்கமே இருந்தது, அதன் பெயரிலும் ‘மலையாளப் புகையிலை’ என்றுதான் இருந்தது. இதைப் படிக்கும் ஆய்வாளர் மலையாள நாட்டில் விளைந்த புகையிலை என்று எடுத்துக்கொண்டால் வணிகத்தின் திசையே மாறிப்போகும்.

திருவிதாங்கூரில் புகையிலை விற்பனை அரசின் தனியுரிமையாக இருந்தது. வணிகர் இலையை அரசுக்குத்தான் விற்க வேண்டும், அரசுதான் உள்நாட்டில் விற்கும். மாதவ ராவ் திவானாக இருந்த 1860களில் அந்த ஏற்பாடு முடிவுக்கு வந்தது. மலபாரில் கிழக்கிந்தியக் கம்பெனியும் 19ஆம் நூற்றாண்டின் முதற்பாதியில் இப்படியொரு தனியுரிமையை வைத்திருந்தது. கோயம்புத்தூர்ப் பக்கம் விளைந்த இலை பாலக்காட்டுக் கணவாய் வழியே அங்கே போனது. அந்தக் காலத்தைப் பற்றி எழுதும்போது ‘வியாபாரி’ என்று மட்டும் எழுதினால் போதாது. குத்தகை எடுத்தவரா, அரசுக்குச் சரக்குக் கொடுப்பவரா, இரவில் கணவாய் தாண்டிக் கடத்துபவரா என்று சொல்ல வேண்டும். மூவரும் விற்றது ஒரே இலைதான். ஆனால் ஒருவருக்குச் சலாம், ஒருவருக்குச் சிறை.

ஐரோப்பாவில் இந்த அரசுத் தனியுரிமை கடைக்காரரின் பெயரிலேயே தங்கிவிட்டது. ஸ்பெயினில் புகையிலைக் கடை ‘எஸ்டாங்கோ’, தனியுரிமை என்பதே அந்தச் சொல்லின் பொருள். ஆஸ்திரியாவில் கடை ‘டிராஃபிக்’, நடத்துபவர் ‘டிராஃபிகன்ட்’. பிரான்சில் உரிமம் பெற்று விற்பவர் ‘பியூராலிஸ்ட்’. கடை வாசலில் இருமுனையும் கூம்பிய சிவப்புப் பலகை தொங்கும், அதைக் ‘காரட்’ என்பார்கள். முன்பு புகையிலையைக் கேரட் வடிவில் உருட்டிக் கட்டி விற்றதன் எச்சம் அது. இத்தாலியில் ‘உப்பும் புகையிலையும்’ என்று எழுதிய பழைய பலகைகள் உண்டு. இரண்டும் அரசு விற்ற சரக்கு. இந்த நாட்டுக் கதைகளைத் தமிழாக்கும்போது ‘பெட்டிக்கடை’ என்று எழுதினால் உரிமமும் அந்தஸ்தும் காணாமல் போகும். ‘புகையிலைக் கடை’ என்று நேராக எழுதி, தபால்தலை விற்பது, பலகை தொங்குவது போன்ற விவரங்களை அப்படியே விட்டுவிட்டால் வாசகர் புரிந்துகொள்வார்.

யாழ்ப்பாணத்தின் மற்றொரு சொல் ‘சுருட்டுக் கொட்டில்’. இது கடையல்ல, வேலைத்தலம். வரிசையாக உட்கார்ந்து தொழிலாளர் சுருட்டுவார்கள், ஒருவர் செய்தித்தாளை உரக்க வாசிப்பார். கையும் கண்ணும் வேலையில் இருக்க, காது மட்டும் ஓய்வாக இருக்கும் தொழில் அது. எழுதப் படிக்கத் தெரியாதவர்களும் அரசியலை வரிவிடாமல் பேசியதற்கு அந்த வாசிப்புதான் காரணம். ‘சுருட்டுக் கடை’ வேறு. தென்னிலங்கைச் சிங்கள ஊர்களில் யாழ்ப்பாணத்தவரும் தீவுப்பகுதியினரும் வைத்திருந்த கடைகளுக்கு அந்தப் பெயர் நிலைத்தது. அங்கே சுருட்டு, வெற்றிலை, பாக்கு தொடங்கிப் பலசரக்குவரை விற்பார்கள்; ஆனாலும் பெயர் சுருட்டுக் கடைதான், கடைக்காரர் ‘முதலாளி’தான். சிங்களத்திலும் அந்தச் சொல் அப்படியே நுழைந்தது. அங்கே போய் நிற்கும் வாடிக்கையாளர் “முதலாளி, ரெண்டு சுருட்டுத் தாங்கோ” என்பாரே தவிர, திருச்சியில் கேட்கும் “அண்ணே” அங்கே வராது.

சுருட்டைப் பற்றி ஒரு சிறு குறிப்பு. தமிழ்ச் சுருட்டின் இரண்டு முனையும் திறந்தே இருக்கும். கியூபா வகைச் சிகாரின் ஒரு முனை மூடியிருக்கும், வெட்டித்தான் பற்றவைக்க வேண்டும். நம் வகைக்கு ஆங்கிலேயர் ‘செரூட்’ என்று நம் சொல்லையே எடுத்துக்கொண்டார்கள். உறையூர்ச் சுருட்டைப் பிடிக்கும் பாத்திரம் முனையை வெட்டுவதாக எழுதினால் கதை அங்கேயே பொய்த்துவிடும்.

பொடிக்கடை

இந்த எல்லாக் கடைகளிலும் கைத்திறன் கூடியது பொடிக்கடைதான். ஈழத்தில் இது ‘மூக்குத்தூள்’. தமிழ்நாட்டில் ‘மூக்குப்பொடி’ என்று முழுதாகச் சொல்வது எழுத்தில்தான். பேச்சில் வெறும் ‘பொடி’. சமையலறையில் சொன்னால் இட்லிப்பொடி, கடைத்தெருவில் சொன்னால் மூக்குப்பொடி. யாழ்ப்பாணத்து வாசகருக்கோ ‘பொடி’ என்றதும் ‘பொடியன்’தான் முதலில் நினைவு வரும். எனவே இரு நாட்டு வாசகருக்கும் எழுதும்போது முதல் முறையாவது ‘மூக்குப்பொடி’ என்று எழுதிவிடுவது நல்லது. பட்டணம் பொடி என்றால் சென்னைப் பட்டணத்துப் பொடி. அது ஊர்ப்பெயராகத் தொடங்கி, வகைப் பெயராகி, கடைப்பலகைகளில் ஏறிவிட்டது.

நரம்பை உருவி நீக்கிய இலையை வறுத்து, இடித்து, துணியில் சலித்து, சுண்ணாம்பும் நெய்யும் சேர்த்துப் பிசைந்தால் பொடி. சொல்ல எளிது. சுண்ணாம்பு ஏன் என்பதுதான் முக்கியம். புகையிலையில் நிகோட்டின் உப்பாகக் கட்டுண்டு கிடக்கிறது. சுண்ணாம்பின் காரத்தன்மை அதை விடுவித்து, மூக்கின் ஈரச்சவ்வு வழியே விரைவாக உள்ளே போகச் செய்கிறது. வெற்றிலையில் சுண்ணாம்பு தடவிப் புகையிலை போடும்போது ‘சுர்ரென்று’ ஏறுவதும் இதே காரணத்தால்தான். சுண்ணாம்பு குறைந்தால் பொடி மந்தமாக இருக்கும். மிஞ்சினால் மூக்கு எரிந்து புண்ணாகி இரத்தம் கசியும். நெய், தூள் பறக்காமல் பிடித்து வைக்கிறது, மணமும் தருகிறது. ஆனால் நெய் காறிப்போனால் அந்தச் சரக்கை மீட்க வழியில்லை. அதனால் பொடிக்கடைக்காரர் ஒரே நேரத்தில் அதிகம் பிசைந்து வைக்கமாட்டார்.

விற்கும் விதமும் தனி. ஜாடியின் மூடியைக் கொஞ்சமாகத் திறந்து, நீளக் காம்புள்ள சின்னக் கரண்டியால் எடுத்து, காய்ந்த வாழைமட்டைத் துண்டில் வைத்து மடித்துக் கொடுப்பார். அதுதான் பொடிமட்டை. காகிதத்தில் கொடுத்தால் காகிதம் நெய்யைக் குடித்துவிடும், பொடி வறண்டு பறக்கும். மட்டையின் உட்புறம் வழவழப்பாக இருப்பதால் ஈரமும் நெய்யும் பொடியிலேயே நிற்கும். பொடி டப்பிக்குள் மாற்றிக்கொள்வது வாங்கியவர் பாடு. பழகியவர் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவில் ஒரு சிட்டிகை எடுத்து உறிஞ்சுவார்; தும்முவது புதியவர்தான். திரைப்படத்தில் காட்டுவதுபோல ஐம்பது வருடப் பழக்கக்காரர் ஒவ்வொரு முறையும் தும்ம மாட்டார். பல்லில் தேய்ப்பவர்களும் உண்டு, பெண்களிடையே இது பரவலாக இருந்தது. ‘பல்லுக்குப் போடுவது’ என்று சொல்லும்போது அது மருந்துபோல ஒலிக்கிறது. ஆனால் புகையில்லாப் புகையிலை வாய்ப்புற்றை உண்டாக்கும் என்பதில் ஐயமே இல்லை. பன்னாட்டுப் புற்றுநோய் ஆராய்ச்சி முகமை அதை உறுதிசெய்யப்பட்ட முதல் பிரிவில் வைத்திருக்கிறது. சரக்கின் பெயர் மென்மையாக இருப்பதாலேயே அதைச் சொல்லாமல் விடக்கூடாது என்பது என் கருத்து.

இன்றைய கடைக்காரர்

இன்று தமிழ்நாட்டில் புகையிலைப் பொருள்களை அதிகம் விற்பவர் பெயரில் புகையிலை இல்லை. பெட்டிக்கடைக்காரர், டீக்கடைக்காரர், மளிகைக்கடை அண்ணாச்சி. பெட்டிக்கடையின் ஓரத்தில் முன்பெல்லாம் ஒரு தேங்காய்நார்க் கயிறு தொங்கும், முனை கனன்றுகொண்டே இருக்கும். தீப்பெட்டி வாங்காமல் பற்றவைத்துக்கொள்ள அது. பெட்டியாக வாங்குபவரைவிட ஒன்று இரண்டாகச் சில்லறையில் வாங்குபவர் அதிகம் என்பதை அந்தக் கயிறே சொல்லிவிடும். இந்தியாவில் 2016 ஏப்ரலிலிருந்து பெட்டியின் 85 விழுக்காட்டுப் பரப்பில் எச்சரிக்கைப் படம் இருக்க வேண்டும். ஆனால் சில்லறையில் ஒன்று வாங்குபவர் கண்ணில் அந்தப் படம் படுவதே இல்லை.

சட்டத்தின் மொழியில் இவர்கள் எல்லோரும் ‘விற்பனையாளர்’. 2003ஆம் ஆண்டின் சிகரெட் மற்றும் இதர புகையிலைப் பொருட்கள் சட்டப்படி 18 வயதுக்குக் கீழானவருக்கு விற்கக்கூடாது, கல்வி நிறுவனத்திலிருந்து 100 கெஜத்துக்குள் விற்கக்கூடாது. மீறினால் 200 ரூபாய்வரை அபராதம். இலங்கையில் 2006ஆம் ஆண்டின் 27ஆம் இலக்கச் சட்டம் வயது எல்லையை 21 ஆக வைத்திருக்கிறது. அங்கே இதைக் கவனிக்கும் அமைப்பு ‘புகையிலை மற்றும் மதுசாரம் மீதான தேசிய அதிகார சபை’. தமிழ்நாட்டு வழக்கில் ‘மது’ என்பதை அங்கே ‘மதுசாரம்’ என்பார்கள். ‘ஆணையம்’ அங்கே ‘அதிகார சபை’. செய்தி எழுதுபவர் இலங்கைச் செய்திக்குத் தமிழ்நாட்டுச் சொல்லைப் போட்டு மாற்ற வேண்டியதில்லை, அமைப்பின் பெயர் அமைப்பின் பெயர்தான்.

எழுதும் மேசையில் இதையெல்லாம் எப்படிப் பயன்படுத்துவது? முதலில் பாத்திரம் எந்த ஊர், எந்தக் காலம், கையில் இருக்கும் சரக்கு எது என்று மூன்றையும் முடிவு செய்ய வேண்டும். 1850இல் திருவிதாங்கூருக்கு இலை அனுப்பும் யாழ்ப்பாணத்தவரானால் ‘புகையிலை வியாபாரி’ பொருந்தும். அவர் கணக்கு சிப்பத்தில் இருக்கும், பயம் கடலையும் அரசின் விலையையும் பற்றி இருக்கும். 1950இல் தென்னிலங்கையின் காலி நகரில் கடை வைத்திருப்பவரானால் ‘சுருட்டுக்கடை முதலாளி’. திருச்சி மலைக்கோட்டைத் தெருவில் ஜாடிகளுக்கு நடுவே உட்கார்ந்திருப்பவர் ‘பொடிக்கடைக்காரர்’. முக்கூடலில் வீட்டுப் பெண்களுக்கு இலை நிறுத்துக் கொடுப்பவர் ‘பீடிக்கடைக்காரர்’, அவரிடம் ஒரு கட்டு பீடி வாங்க யாரையும் அனுப்பிவிடக் கூடாது. பள்ளிக்கூடத்துக்கு எதிரே தகரப் பெட்டிக்குள் சிகரெட்டை மறைத்து வைத்திருப்பவருக்குப் ‘பெட்டிக்கடைக்காரர்’ என்ற பெயரே போதும். அவர் என்ன விற்கிறார் என்பதை மறைக்கும் அந்தக் கையே சொல்லிவிடும். ‘புகையிலை வணிகர்’ என்ற சொல்லுக்கும் இடம் உண்டு: வரி அறிக்கை, சங்கத்தின் பெயர்ப்பலகை, புள்ளிவிவர அட்டவணை.